களிறிழவு மாதத்தில் ஒரு கல்யாணம்

இரண்டாம் மணி அடித்து ஓய்ந்ததும் குமணன் தன் இடது செவுளைக் கழற்றிக் குழாயடியில் காட்டினான்.

புதுத்தொண்டியில் காலைக்கடன் என்றால் முதலில் இதுதான். பல் துலக்க மறந்தால் பக்கத்தில் நிற்பவனுக்குத்தான் கஷ்டம். செவுள் கழுவ மறந்தால் மத்தியானத்துக்குள் தனக்கே மூச்சு முட்டும். எத்தனை கதவு போட்டு அடைத்தாலும் டைட்டனின் வெளிக்காற்று ஏதாவது ஒரு சந்து பார்த்துக் குடியிருப்புக்குள் கசிந்துவிடும். அதை வடிகட்டத்தான் தொட்டிலில் போடுவதற்கு முன்பே குழந்தையின் விலாவில் பக்கத்துக்கு ஒன்றாகக் கைக்குட்டை அகலச் செவுள் பொருத்திவிடுகிறார்கள். இடதைக் கழற்றினால் வலதில் மூச்சு விடலாம். வலதைக் கழற்றினால் இடதில். இரண்டையும் ஒரே நேரத்தில் கழற்றியவர்களைப் பற்றிப் பேசுவது அவ்வளவு மரியாதையாக இருக்காது.

குழாயடியில் அவனைத் தவிர ஈ காக்கை இல்லை. டைட்டனில் ஈயும் காக்கையும் என்றைக்குமே இருந்ததில்லை என்பது வேறு விஷயம். வரிசையாக இருந்த அத்தனை குழாய்களும் சும்மா கிடந்தன. காரணம், இரண்டாம் மணிக்கும் மூன்றாம் மணிக்கும் நடுவே உள்ள நேரம் மூடல். மூடலில் செவுள் கழற்றக் கூடாது. வெளிக்கதவு தாண்டக் கூடாது. நல்ல பேச்சு எடுக்கக் கூடாது. கொட்டவப் பேரரசின் மாமன்னர் பெருங்கொட்டவியர் தினமும் அந்த நேரத்தில்தான் கண்ணயர்வார்; மன்னர் கண் மூடியிருக்கும்போது குடிகள் செய்யும் காரியத்துக்குக் காவல் கிடையாது. இது புதுத்தொண்டியில் பால்குடி மறக்காத பிள்ளைக்கும் தெரியும்.

உண்மைக் காரணம் குமணன் ஒருவனுக்குத்தான் தெரியும். எட்டு வருஷத்துக்கு முன்னால் அந்த நேரத்தில்தான் குழாயடியில் கூட்டம் நெரியும். அவன் எப்போதும் வரிசையின் வாலில் நிற்பான். நிம்மதியாக ஒரு நாளாவது செவுள் கழுவ வேண்டுமென்று ஆசைப்பட்டான். ஆசைப்பட்டு மூடலை எழுதினான்.

"தம்பி! மணி என்ன ஆவுது?"

குமணன் திரும்பினான். உமையாள் நின்றிருந்தாள். புதுத்தொண்டியின் உலைக்கூடத்துக்குத் தலைமைப் பொறியாளர். நாலாயிரம் பேருடைய சூடும் மூச்சும் அவள் கையில் இருந்தன. அதைவிட முக்கியமாக, அவள் செம்பாவின் அம்மா. சாயங்காலம் அவள் வீட்டுக்குப் போய்ப் பெண் கேட்பதற்காகத்தான் குமணன் ஒரு வாரமாகக் கண்ணாடி முன்னால் நின்று பேசிப் பழகியிருந்தான். பழகியபோது கையில் ஈரச் செவுள் இல்லை.

"ரெண்டாம் மணி... அடிச்சிருச்சு... அம்மா." ஒற்றைச் செவுளில் முழு வாக்கியம் பேச வராது.

"அடிச்சது தெரிஞ்சுமா கழட்டி வெச்சிருக்கே?"

"அது... வந்து... கூட்டம் இல்லேன்னு..."

"ஏன் கூட்டம் இல்லேன்னு யோசிச்சியா?"

குமணன் யோசித்துத்தான் வைத்திருந்தான். ஆனால் அதைச் சொல்கிற அளவுக்கு மூச்சு இல்லை. "சாயங்காலம்... ஒரு விஷயம்..." என்று தொடங்கினான்.

உமையாள் கையைத் தூக்கித் தடுத்தாள். "மூடல்ல வாயத் திறக்காதே. மொதல்ல அதை மாட்டு. செம்பா சொல்லியிருக்கா. ஆறாம் மணிக்கு வா, நல்ல நேரம்."

போகும்போது திரும்பி அவன் விலாவை ஒரு தரம் பார்த்தாள். பையன் சுயநினைவோடுதான் இருக்கிறானா என்ற கவலை அந்தப் பார்வையில் இருந்தது.

இந்த இடத்தில் கதை கொஞ்சம் பின்னால் போய்த் திரும்ப வேண்டியிருக்கிறது.

டைட்டன் சனிக்கிரகத்தின் துணைக்கோள். முதலில் குடிவந்தவர்கள் பெட்டிக்குள் மடித்துப் பஞ்சாங்கமும் கொண்டுவந்தார்கள். வந்து இறங்கிய பிறகுதான் சிக்கல் புரிந்தது. பொங்கல் வைக்கலாம் என்றால் ஆரஞ்சுப் புகைமூட்டத்துக்குள் சூரியன் எந்தப் பக்கம் என்று யாருக்கும் நிச்சயமில்லை. அமாவாசை பார்க்கலாம் என்றால், நிலாவிலேயே குடியிருப்பவனுக்கு எது அமாவாசை? குழந்தை பிறந்து ஜாதகம் கணிக்க உட்கார்ந்த சோதிடர் சனியை எந்தக் கட்டத்தில் போடுவது என்று தெரியாமல் எழுந்து போய்விட்டார். ஏழரைச் சனிக்குப் பயந்து ஊர் ஊராகக் கோயிலுக்குப் போனவர்களின் பேரப்பிள்ளைகள், சனியின் கொல்லைப்புறத்திலேயே வீடு கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள்.

பூமியின் வேறு மூலைகளிலிருந்து வந்த மற்ற மக்களுக்கும் இதே கதிதான். ஆளுக்கொரு பண்டிகை, பண்டிகைக்கு இரண்டு தேதி, தேதிக்கு மூன்று கட்சி. ஒரு தடவை கைகலப்பில் ஒருவர் செவுளை ஒருவர் பிடுங்கும்வரை போனபின், பண்டிகைகள் யாவும் பூமியோடு இருக்கட்டும் என்று ஊர்ச்சபை முடிவெடுத்தது. அமைதி வந்தது. அமைதியென்றால் அப்படியொரு அமைதி. நேற்றைப் போலவே இன்று, இன்றைப் போலவே நாளை. புதுச்சட்டை கிடைத்தால் மடித்து வைத்துவிட்டுப் பழையதையே போட்டுக்கொண்டார்கள். எந்த நாளில் புதுசு உடுத்துவது? ஜனங்கள் ஒவ்வொருவராகக் கட்டிலில் படுத்துச் சுவரைப் பார்க்கத் தொடங்கினார்கள்.

ஊரை நிர்வகிக்கும் இயந்திர அறிவுக்குக் கணியன் என்று பெயர். எல்லாவற்றையும் கணக்கிடுவதால் அந்தப் பெயர். அது நோயைக் கண்டுபிடித்தது: மனிதர்களுக்குக் காத்திருக்க ஒரு நாள் வேண்டும். யாருக்கும் சொந்தமில்லாத, ஆகவே யாரும் சண்டை போட முடியாத, கற்பனைப் பேரரசு ஒன்றின் பண்டிகைகளைக் கொண்டாடினால் என்ன? முதலில் கணியனே ஒரு பஞ்சாங்கம் தயாரித்தது. காற்றழுத்தச் சமநிலைத் திருநாள் என்று அறிவித்தபோது ஒருவரும் வரவில்லை. பிறகுதான் அந்த வேலை கேளிக்கைத் துறைக்கு வந்தது. கேளிக்கைத் துறையில் இருப்பதிலேயே இளையவன், கல்லூரி முடித்த கையோடு சிறுவர் விளையாட்டுகளில் பூதங்களுக்கு வசைமொழி எழுதிக்கொண்டிருந்த குமணன்.

அவன் ஒரே மூச்சில் எழுதித் தள்ளினான். பேரரசுக்குப் பெயர் வைக்க வேண்டிய நேரத்தில் கொட்டாவி வந்ததால் அது கொட்டவம் ஆயிற்று. தளபதி புறமுதுகிட்ட திருநாளில் ஓட்டப்பந்தயம் வைத்தான். அரசி கோபித்துக்கொண்ட திருநாளில் புருஷன்மார் சமைக்க வேண்டும் என்றான். கணியன் படித்துப் பார்த்துவிட்டு ஒரு குறை சொன்னது: "எல்லாம் நல்ல நாட்களாகவே இருக்கின்றன. கெட்ட நேரம் என்று ஒன்று இல்லாவிட்டால் நல்ல நேரத்தை மனிதர்கள் நம்ப மாட்டார்கள் என்று கணக்கு சொல்கிறது."

ஆகவே மூடலை எழுதினான். அதோடு ஒரு மாதத்தையும் எழுதினான். அப்போது அவன் குடியிருந்தது கல்யாண மண்டபத்தை ஒட்டிய அறை. அந்த மாதம் முழுக்க, பதிவு செய்த நாதஸ்வரம் விடியும் முன்பே சுவரைத் துளைத்துக்கொண்டு வந்து அவன் காதில் உட்கார்ந்தது. தூக்கம் கெட்டவன் எழுதினான்: இம்மாதத்தில் மாமன்னரின் பட்டத்து யானை தொலைந்துபோனது; மன்னர் காடு மேடெல்லாம் அலைந்து தேடினார்; ஆகவே களிறிழவு மாதத்தில் மேளச் சத்தம் கூடாது, கல்யாணம் கூடவே கூடாது. மாதக் கடைசியில் யானை கிடைத்துவிடும். அன்று களிறுகண்ட திருநாள்; குழந்தைகள் ஆக்சிஜன் குழாயை மூக்கில் தொங்கவிட்டுக்கொண்டு பிளிறலாம்.

இதில் ஒளிவுமறைவு எதுவும் இல்லை. அத்தனையும் கட்டுக்கதை என்று ஊருக்கே அறிவித்துத்தான் பஞ்சாங்கத்தை வெளியிட்டார்கள். முதல் வருஷம் எல்லாரும் சிரித்தார்கள். இரண்டாம் வருஷம், "நம்பிக்கையெல்லாம் இல்ல, ஆனா எதுக்கு வம்பு?" என்று நாலைந்து பேர் மூடலில் செவுள் கழற்றுவதை நிறுத்தினார்கள். மூன்றாம் வருஷம் மூடலில் கழற்றிய ஒருவருக்குச் செவுள் கிழிந்தது. செவுள் எல்லா நேரத்திலும்தான் கிழியும். மற்ற நேரத்தில் கிழிந்ததை யார் எண்ணுகிறார்கள்? ஐந்தாம் வருஷம் கல்லூரியில் கொட்டவவியல் என்று ஒரு துறை தொடங்கினார்கள். பாடம் நடத்தக் குமணனுக்குத் தகுதி போதாது என்று விண்ணப்பத்தைத் திருப்பி அனுப்பிவிட்டார்கள்.

இது எட்டாம் வருஷம். களிறிழவு மாதம் பிறந்து நாலு நாள் ஆகியிருந்தது.

ஆறாம் மணிக்குக் குமணன் உமையாள் வீட்டுக் கூடத்தில் உட்கார்ந்திருந்தான். முன்னால் பாசிக்காப்பி ஆறிக்கொண்டிருந்தது. எதிரே உமையாள். பக்கத்தில், முழங்காலைக் கட்டிக்கொண்டு செம்பா. அவள் துறைமேடையில் சுமைக்கால்களை மேய்ப்பவள். சுமைக்கால் என்பது நாலு காலில் நடக்கும் சரக்கு இயந்திரம். சொன்னதைத் தூக்கும், சொல்லாததையும் சில நேரம் தூக்கும். நெப்டியூனின் துணைக்கோளான ட்ரைட்டனில் புதுக்குடியிருப்பு தொடங்குகிறார்கள். அங்கே துறைமேடை அமைக்கச் செம்பாவைத் தேர்ந்தெடுத்திருந்தார்கள். கணவன் மனைவி என்றால் சேர்ந்து போகலாம். தனி ஆள் என்றால் தனியாகத்தான் போக வேண்டும். கோள்கள் வாகாக வரிசைக்கு வருவது இந்த மாதக் கடைசி வாரத்தில். அதை விட்டால் அடுத்த கப்பலுக்குப் பதினோரு வருஷம். களிறுகண்ட திருநாளோ கப்பல் கிளம்பி மூன்று நாள் கழித்து வந்தது.

"பையனப் பத்தி எனக்கு ஒரு குறையும் இல்ல," என்றாள் உமையாள். "மூடல்ல செவுள் கழட்டுற புத்தியத் தவிர. அது போகப் போகச் சரியாயிடும். ஆனா மாசத்தப் பாருங்கடா. களிறிழவுல எவளாச்சும் பொண்ணக் கட்டிக் குடுப்பாளா?"

குமணன் தொண்டையைச் செருமிக்கொண்டான். "அத்தை, அந்த மாசத்த எழுதினதே நான்தான்."

"தெரியும்."

"யானையே கிடையாது."

"தெரியும் தம்பி."

"பக்கத்து மண்டபத்துச் சத்தத்துல தூக்கம் வரலேன்னு எழுதினேன்."

"அது தெரியாது," என்றாள் உமையாள். கொஞ்சம் யோசித்தாள். "இருந்தாலும் பரவால்ல."

"எப்படிப் பரவால்ல?"

"உலைக்கூடத்துல ஒரு கையேடு இருக்கு. அதுவும் யாரோ ஒருத்தன் உக்காந்து எழுதினதுதான். அவன் தூங்கிட்டு எழுதினானா தூங்காம எழுதினானான்னு நான் போயி விசாரிச்சேனா? நாப்பதாம் வால்வத் திறக்காதேன்னு போட்டிருக்கு. திறக்கறதில்ல."

"அதத் திறந்தா வெடிக்கும் அத்தை!"

"வெடிக்கும்னு சொல்றாங்க. நான் திறந்து பாத்ததில்ல."

செம்பா முழங்காலில் முகத்தைப் புதைத்துக்கொண்டாள். சிரிக்கிறாளா அழுகிறாளா என்று தெரியவில்லை. "அம்மா, நீ இந்த ஊருக்கே பொறியாளர். உன் வாயால பேசுற பேச்சா இது?"

"பொறியாளர்தான்டி. கப்பலுக்கு மட்டும் கோளெல்லாம் வரிசையா நிக்கிற நேரமாப் பாத்துப் பாத்துக் கிளப்புறீங்க. என் பொண்ணு கல்யாணத்துக்கு நான் நேரம் பாத்தா மட்டும் பத்தாம்பசலியா?"

"அது கணக்கும்மா."

"எனக்கு மட்டும் நம்பிக்கையா இருக்கு? நம்பிக்கையெல்லாம் கெடையாது. ஆனா எதுக்கு வம்பு?" உமையாளின் குரல் சட்டென்று இறங்கியது. "இங்க பாரு செம்பா. அங்க போயி உனக்குச் சாதாரணமா ஒரு இருமல் வரும். செய்தி இங்க வந்து சேரவே அரை நாள் ஆவும். அதுவரைக்கும் நான் உலை முன்னாடி உக்காந்துக்கிட்டு, களிறிழவுல கட்டிக் குடுத்தேனே, களிறிழவுல கட்டிக் குடுத்தேனேன்னே நெனச்சுக்கிட்டு இருப்பேன். சாவற வரைக்கும் நெனச்சுக்கிட்டு இருப்பேன். அதுக்கு என்ன கையேடு இருக்கு, சொல்லு."

பாசிக்காப்பியில் ஆடை படிந்தது.

அங்கிருந்து குமணன் நேரே கணியனிடம் போனான். கணியனுக்கு உருவம் கிடையாது. சபைக்கூடத்துச் சுவரைப் பார்த்துப் பேச வேண்டும்.

"அந்தப் பஞ்சாங்கம் பொய்யின்னு ஊருக்குச் சொல்லுங்க."

"சொல்லிக்கொண்டுதான் இருக்கிறேன்," என்றது சுவர். "ஒவ்வொரு முடிசூட்டுத் திருநாளிலும் காலையில் அறிவிக்கிறேன். இப்போதெல்லாம் அந்த அறிவிப்பைக் கேட்காமல் யாரும் இலை போடுவதில்லை. எழுந்து நின்று, கைகட்டிக் கேட்கிறார்கள். சென்ற வருஷம் ஒலிபெருக்கி பழுதாகி அறிவிப்பு தாமதமானபோது பெரிய அபசகுனம் என்று பேசிக்கொண்டார்கள்."

குமணன் சுவரில் தலையைச் சாய்த்துக்கொண்டான். "மூடலையாவது எடுத்துடுங்க. அது கெட்ட நேரம் இல்ல."

"அங்கேதான் எனக்கு ஒரு சங்கடம். மூடலில் செவுள் கிழிவது மற்ற நேரத்தைவிட மூன்று மடங்கு அதிகம்."

"என்னது?"

"கெட்ட நேரம் என்ற பயத்தில் கை நடுங்குகிறது. நடுங்கும் கையால் கழற்றினால் கிழிகிறது. அது கெட்டதாக ஆக்கப்பட்ட நேரம்தான். அந்த வித்தியாசம் எனக்குப் புரிகிறது. செவுளுக்குப் புரியவில்லை." பிறகு கணியன், இயந்திரங்களுக்கே உரிய நல்ல எண்ணத்தோடு கேட்டது: "தாங்கள் இன்று காலை மூடலில் கழற்றியதாகப் பதிவாகியிருக்கிறது. கிழியவில்லையே?"

"இல்லை!" என்று கத்திவிட்டு வெளியே வந்த குமணன், வாசலில் நின்று சட்டையைத் தூக்கி விலாவை ஒரு முறை பார்த்துக்கொண்டான். யாரும் கவனிக்கவில்லை.

துறைமேடையில் சுமைக்கால்கள் பெட்டி அடுக்கிக்கொண்டிருந்தன. செம்பா ஒரு பெட்டியின்மேல் உட்கார்ந்து காலை ஆட்டிக்கொண்டிருந்தாள்.

"அழுவாதே," என்றாள்.

"நான் எங்க அழுதேன்?"

"இனிமே அழுவேல்ல, அதுக்கு. டேய், மாசத்த எழுதத் தெரிஞ்சவனுக்கு ஒரு பரிகாரம் எழுதத் தெரியாதா?"

குமணனுக்கு அது தோன்றாமல் போனதுதான் ஆச்சரியம். அங்கேயே பெட்டிமேல் உட்கார்ந்து எழுதினான். கொட்டவ மன்னர் யானையைத் தேடிக் காட்டில் அலைந்தபோது ஒரு ஏழைப் பெண்ணின் கல்யாணப் பந்தலுக்குள் யானை தானாகவே நுழைந்து நின்றது. மன்னர் மகிழ்ந்து சொன்னார்: கண்ணெதிரே நிற்கிற யானை தொலைந்த யானை அல்ல, ஆகவே யானை முன்னிலையில் நடக்கும் கல்யாணத்துக்குக் களிறிழவு தோஷம் கிடையாது.

உமையாள் முழுக்கக் கேட்டாள். கேட்டு முடித்ததும், "எப்ப எழுதினது?" என்றாள்.

"இப்பத்தான் அத்தை. சூடா இருக்கு."

"மாப்பிள்ளை எழுதின பரிகாரம் மாப்பிள்ளைக்கே எப்படிச் செல்லும்? நாலு பேரு என்ன சொல்லுவாங்க?" என்று எழுந்து உள்ளே போனவள், வாசல்படியில் நின்றாள். "ஆமா, யானைன்னா எப்படித்தான் இருக்கும்?"

"பெரிசா இருக்கும். நாலு காலு. முன்னாடி ஒரு குழாய் தொங்கும். நெத்தியில கோலம் மாதிரி எழுதியிருப்பாங்க."

"அவ்ளோதானா?" என்றாள் உமையாள். "நான் என்னமோன்னு நெனச்சேன்."

அடுத்த நான்கு நாளும் அவள் அந்தப் பேச்சையே எடுக்கவில்லை. உலைக்கூடத்தில் வேலை அதிகம் என்றும், குழாயடியில் பெரியவர்களோடு பேச்சு நீண்டுவிட்டது என்றும் தாமதமாக வந்தாள். செம்பா ஒற்றை ஆளாகப் பெட்டி கட்டத் தொடங்கினாள். குமணன் அவளுக்கு உதவி செய்கிறேன் என்று வந்து, கட்டிய பெட்டியை மறுபடி பிரித்து வைத்தான்.

ஐந்தாம் நாள் மூன்றாம் மணி அடித்ததும் குழாயடியில் வழக்கம்போல் கூட்டம். பாதிப் பேர் இடது செவுளைக் கையில் வைத்துக்கொண்டு ஒற்றை மூச்சில் ஊர்வம்பு பேசிக்கொண்டிருந்தார்கள். அப்போது நடைவழியின் அந்தக் கோடியிலிருந்து தட் தட் என்று சத்தம் வந்தது. ஒரு சுமைக்கால் ஆடி அசைந்து வந்துகொண்டிருந்தது. அதன் முன்பக்கத்தில் தடித்த குழாய் ஒன்று தரை தொடத் தொங்கியது. நெற்றித் தகட்டில் பளிச்சென்று மஞ்சள் நிறத்தில் ஒரு கோலம். அது யாரையும் இடிக்காமல், யாரையும் பார்க்காமல் நேரே நடந்து உமையாள் வீட்டு வாசலில் நின்றது. குழாயைத் தூக்கிப் புஸ்ஸென்று ஒரு முறை காற்றை ஊதியது.

குழாயடியில் பேசிக்கொண்டிருந்தவர்கள் செவுளும் கையுமாகத் திரும்பினார்கள்.

"யானை!" என்றது ஒரு குரல்.

வாய் இருக்கிறதே, அது குமணனுக்கு எப்போதும் தப்பான நேரத்தில்தான் திறக்கும். "அது சுமைக்கால்ங்க. ஏதோ கோளாறு. குழாய் கழண்டு..." என்று ஆரம்பித்தான். செம்பா அவன் பாதத்தின்மேல் ஏறி நின்றாள். டைட்டனில் எடை குறைவு. இருந்தாலும் செம்பா நின்ற விதத்தில் எடை இருந்தது.

உமையாள் வாசலுக்கு வந்தாள். பார்த்தாள். நெஞ்சில் கை வைத்துக்கொண்டாள். "அய்யோ, இது என்ன அதிசயம்! என் வாசலத் தேடி வந்து நிக்குதே!"

குழாயடியிலிருந்து சிற்சபை என்கிற சுரங்க மேற்பார்வையாளர் ஈரச் செவுளோடு முன்னால் வந்தார். "இதுல அதிசயம்... என்னம்மா இருக்கு? யானை எதிர்ல நின்னா... களிறிழவு தோஷம் கெடையாது. பழைய ஏட்டுலயே... இருக்கே. எங்கப்பா அடிக்கடி... சொல்லுவாரு."

பஞ்சாங்கம் எழுதி எட்டு வருஷம். சிற்சபையின் அப்பா காலமாகிப் பதினைந்து வருஷம். இந்தக் கணக்கு குமணனின் வாய்வரை வந்தது. செம்பா இன்னும் இறங்கவில்லை.

"நீங்க சொன்னாச் சரிண்ணே," என்றாள் உமையாள், மிகவும் பணிவாக. "பெரியவங்க பேச்ச மீற முடியுமா? யானை போறதுக்குள்ள முடிச்சுடணும்."

யானை எங்கேயும் போகவில்லை. கல்யாணம் முடியும்வரை மணமேடைக்குப் பக்கத்தில் சமர்த்தாக நின்றது. மேற்குச் சுரங்கத்திலிருந்து குமணனின் அம்மாவும் அப்பாவும் வந்து, முதலில் யானையைக் கும்பிட்டுவிட்டுத்தான் மகனைப் பார்த்தார்கள். பதிவு நாதஸ்வரம் முழங்கியது. மண்டபத்தை ஒட்டிய அறையில் இப்போது குடியிருக்கும் பையன் எட்டிப் பார்த்து முகத்தைச் சுளித்தான். குமணன் அவனுக்காக மனதுக்குள் வருந்தினான்.

தாலி கட்டி முடித்ததும் குமணன் செம்பாவின் காதோரம் குனிந்தான். "நீதானே சுமைக்கால அனுப்பினது?"

"நானா? நீன்னு நெனச்சேன்."

இருவரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டார்கள். அப்போது உமையாள் அட்சதையோடு வந்து இரண்டு பேர் தலையிலும் கை வைத்தாள். குமணன் நிமிர்ந்தபோது அந்தக் கை கண்ணுக்கு நேரே வந்தது. ஐந்து நகக் கண்ணிலும் மஞ்சள்.

"அத்தை, கையில என்ன?"

"மஞ்சள், மாப்ளே," என்றாள் உமையாள். அன்றுதான் முதல் தடவையாக அவனை அப்படிக் கூப்பிட்டாள். "கல்யாண வீடு இல்லையா?"

டைட்டனில் மஞ்சள் விளைவதில்லை. உலைக்கூடத்தில் சுடுநீர்க் குழாய்களுக்கு அடிக்கும் மஞ்சள் பூச்சு ஒன்று உண்டு, இலேசில் போகாது. குமணன் சாஷ்டாங்கமாக விழுந்து எழுந்தான்.

அதோடு எல்லாம் முடிந்திருக்க வேண்டும். ஆனால் கப்பல் கிளம்பும் வேளையை அறிவித்தார்கள். அது நட்டநடு மூடலில் இருந்தது.

கோள்களின் வரிசையை யாராலும் தள்ளி வைக்க முடியாது. முந்நூறு பயணிகளும் ஊர்ச்சபையில் கூடி இரைந்தார்கள். கடைசியில் யாரோ ஒருவருக்கு வழி தோன்றியது. கெட்ட நேரத்தில் கிளம்ப வேண்டியிருந்தால் தன் உடம்போடு சேர்ந்த பொருள் ஒன்றை முன்கூட்டியே, நல்ல நேரத்தில் அனுப்பி வைத்துவிட்டால் போதும். அப்போதே புறப்பட்டதாகத்தான் கணக்கு. அதற்கு முன்னனுப்பு என்று பெயரும் வந்துவிட்டது. எல்லாரும் மாற்றுச் செவுளைப் பெயர் ஒட்டிக் கொடுக்கலாம். முந்தின நாள் ஆறாம் மணிக்குக் கப்பலில் ஏற்றிவிடுவார்கள்.

"இத நான் எழுதவே இல்ல!" என்று குமணன் அன்று முழுக்கப் புலம்பினான். "கொட்டவத்துல முன்னனுப்பே கெடையாது. அவனவன் இஷ்டத்துக்குச் சேத்துக்கிட்டா என்ன அர்த்தம்? ஒரு பேரரசுன்னா ஒரு மரியாத வேணாமா?" ஊரில் எதிர்ப்பட்டவர்களையெல்லாம் நிறுத்திக் கேலி செய்தான். சிற்சபையிடம், "செவுள் போயிடும் சரி, நீங்க பின்னாலேயே நடந்து வருவீங்களாண்ணே?" என்று கேட்டு வாங்கிக் கட்டிக்கொண்டான். செம்பாவுக்கே அலுத்துப்போய், "கத்தாதே, நான் குடுக்கல. போதுமா?" என்றாள்.

கிளம்பும் நாள் உமையாள் துறைமேடைவரை வந்தாள். அழவில்லை. சுமைக்காலின் நெற்றியில் கை வைத்துக்கொண்டு நின்றாள். பூச்சு இன்னும் போகவில்லை.

கப்பலுக்குள் இருக்கையைத் தேடிப் போகும் வழியில் சுவரோரம் நீளமாக ஒரு தட்டு. அதில் முன்னனுப்பிய செவுள்கள் வரிசையாக அடுக்கியிருந்தன, பெயரோடு, கொடுத்த வரிசைப்படி. செம்பா சும்மா பார்த்துக்கொண்டே நடந்தவள், தட்டின் தொடக்கத்துக்கு வந்ததும் நின்றாள். முதல் இடத்தில், யார் கண்ணிலும் படக் கூடாதென்று சுவர்ப்பக்கம் திருப்பி வைத்தபடி இரண்டு செவுள்கள் இருந்தன. திருப்பிப் பார்த்தாள். ஒன்றில் செம்பா என்று எழுதியிருந்தது. மற்றதில் குமணன்.

இருக்கைக்கு வந்து உட்கார்ந்தாள். குமணன் அவளுடைய இருக்கைப் பட்டையைப் பூட்டி, இழுத்துப் பார்த்து, அவிழ்த்து, மறுபடி பூட்டினான்.

"யானையே கெடையாதுன்னு சொன்னது நீதானே?" என்றாள் செம்பா.

"கெடையாதுதான்."

"முன்னனுப்ப நீ எழுதவே இல்ல."

"எழுதவே இல்ல."

"அப்புறம்?"

குமணன் பட்டையை இன்னொரு முறை இழுத்துப் பார்த்தான். சன்னலுக்கு வெளியே ஆரஞ்சுப் புகைமூட்டத்தில் துறைமேடை மங்கலாகத் தெரிந்தது. நாலு கால், ஒரு குழாய், பக்கத்தில் ஒரு பெண்.

"நம்பிக்கையெல்லாம் ஒண்ணுமில்ல," என்றான். "ஆனா எதுக்கு வம்பு?"

இரண்டாம் மணி அடித்தது. கப்பல் முழுக்க ஒருவரும் தும்மவில்லை. மாமன்னர் பெருங்கொட்டவியர் கண்ணயர்ந்தார்.